கைது செய்வதற்கும் மனுவா?

வன்னியில் அனுமதிப்பத்திரமின்றி உழவு இயந்திரத்தில் மணல் ஏற்றி வந்த இளைஞனைக் கைது செய்யுமாறு எவரும் நீதிமன்றத்தில் மனுச் செய்வதில்லை. அயலவனின் மாட்டைக் களவாடினான் என்று சந்தேகிக்கப்படுபவனைப் பிடிப்பதற்குச் சட்டமா அதிபரின் ஆலோசனை வரட்டும் என்று எந்தப் பொலிஸ் நிலையமும் காத்திருப்பதில்லை. முறைப்பாடு கிடைத்த அன்றே பொலிஸ் வாகனம் வாசலில் வந்து நிற்கின்றது. மறுநாள் அவன் நீதவான் முன்னிலையில் நிற்கின்றான். சட்டம் தன் கடமையைச் செய்கின்றது என்று ஊரும் அமைதி கொள்கின்றது.

ஆனால், மகனைப் பறிகொடுத்த தாயொருத்தி, கொன்றவர் இன்னார் என்று அறிந்தும் அல்லது அறிய வழியிருந்தும், அவரைக் கைது செய்யுங்கள் என்று சட்டத்தரணி ஒருவரை அமர்த்தி, முத்திரைக் கட்டணம் செலுத்தி, தவணைக்குத் தவணை நீதிமன்றப் படியேற வேண்டியிருக்கின்றது. சந்தேகிக்கப்படுபவர் சீருடை அணிந்தவராயின், அல்லது பதவியில் இருப்பவராயின், அல்லது பதவியில் இருப்பவருக்கு வேண்டியவராயின், கைது என்பது தானாக நிகழும் காரியமாக இருப்பதில்லை. அது மன்றாடிப் பெறவேண்டிய வரமாகி விடுகின்றது. ஒரே நாட்டில், ஒரே சட்டக்கோவையின் கீழ், இவ்விரண்டும் நடைபெறுவது எவ்வாறு? வல்லான் வகுத்ததே வாய்க்கால் என்று எமது கமக்காரர் கூறுவர். நீதியின் வாய்க்காலையும் வல்லான்தான் வகுக்க வேண்டுமா என்பதே இன்று நாம் எழுப்பும் வினா.

சட்டத்திற் குறையில்லை

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிக் கொள்வோம். கைது செய்வதற்கு நீதிமன்றத்தின் கட்டளை வேண்டும் என்பது பெருங் குற்றங்களைப் பொறுத்தவரை உண்மையன்று. 1979 ஆம் ஆண்டின் 15 ஆம் இலக்கக் குற்றவியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 32 ஆம் பிரிவு பொலிஸ் உத்தியோகத்தருக்கு நேரடியாகவே அதிகாரம் வழங்குகின்றது. பிடியாணையின்றிக் கைது செய்யத்தக்க தவறொன்றில் ஒருவர் சம்பந்தப்பட்டிருக்கிறார் என்று நியாயமான முறைப்பாடோ, நம்பத்தக்க தகவலோ, நியாயமான சந்தேகமோ இருந்தாற் போதும். கொலையும் ஆட்கடத்தலும் அத்தகைய தவறுகளே. அவ்வாறு கைது செய்யப்பட்டவரை 24 மணித்தியாலத்துக்குள் நீதவான் முன் கொண்டுவர வேண்டும் என்று 37 ஆம் பிரிவு விதிக்கின்றது.

ஆகவே, கொலைக் குற்றச்சாட்டு ஒன்றில் சந்தேக நபரைக் கைது செய்யுமாறு கோரி ஒரு குடிமகன் நீதிமன்றம் செல்ல நேருமாயின், அந்த மனுவின் முதலாவது எதிரி உண்மையிற் பொலிஸ் திணைக்களமே. மனுவில் எழுதப்படாத, ஆனால் ஒவ்வொரு வரியிலும் ஒலிக்கும் குற்றச்சாட்டு அதுதான். அதிகாரம் இருந்தது, தகவல் இருந்தது, காலம் இருந்தது, மனம் மட்டும் இருக்கவில்லை என்பதே அதன் பொருள்.

நடந்தவை சில

திருகோணமலைக் கடற்கரையில் 2006 ஜனவரி 2 ஆம் திகதி ஐந்து மாணவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டனர். நகரின் நடுவே, பாதுகாப்புப் படையினர் சூழ்ந்திருந்த இடத்தில் நடந்த கொலை அது. விசேட அதிரடிப் படையினர் உள்ளிட்ட பதின்மூவர் அதற்காகக் கைதானது 2013 ஜூலையிலேயே. இடையில் ஏழரை ஆண்டுகள் கழிந்தன. அந்த ஏழரை ஆண்டுகளிற் சாட்சிகள் அச்சுறுத்தப்பட்டனர், நாட்டைவிட்டே அகன்றனர். கைது நடந்தபோது கூண்டிலே ஆட்கள் நின்றனர், சாட்சிக் கூடத்தில் முக்கிய சாட்சிகள் பலர் இருக்கவில்லை. 2019 ஜூலையில், போதிய சான்று இல்லையெனத் திருகோணமலை நீதவான் நீதிமன்றம் அவர்கள் அனைவரையும் விடுவித்தது.

கொழும்பிலும் அதன் சுற்றுப்புறங்களிலும் 2008, 2009 ஆம் ஆண்டுகளிற் கடத்தப்பட்ட பதினொருவரின் வழக்கு மற்றொன்று. கப்பம் பெறுவதற்காகக் கடத்தியவர்கள் கடற்படையைச் சேர்ந்தோர் என்று குற்றப் புலனாய்வுத் திணைக்களம் நீதிமன்றத்துக்கு அறிக்கையிட்டது. அவ்விசாரணையில் தாம் கைது செய்யப்படலாகாது என்று கோரி முன்னாள் கடற்படைத் தளபதி ஒருவர் 2019 ஆம் ஆண்டில் உயர் நீதிமன்றத்தை நாடினார். பின்னர் அவர்மீதான குற்றப்பத்திரத்தைத் தொடர்ந்து நடத்தப் போவதில்லை என்று 2021 ஆம் ஆண்டிற் சட்டமா அதிபர் தீர்மானித்தார். அத்தீர்மானத்தை எதிர்த்து மனுச் செய்யவேண்டிய பொறுப்பு, பிள்ளைகளை இழந்த பெற்றோரின் தலையில் விழுந்தது.

இது தமிழர்க்கு மட்டும் நேர்ந்த கதியென்று எவரும் எண்ண வேண்டாம். 2022 மே 9 ஆம் திகதி காலிமுகத்திடலில் அமைதியாகப் போராடியோர் தாக்கப்பட்டனர். தாக்குதலுக்குத் தூண்டுதலளித்தார்கள் என்று கூறி, முன்னாள் பிரதமர் உள்ளிட்டோரைக் கைது செய்யுமாறு கோரிச் சட்டத்தரணி ஒருவர் கோட்டை நீதவான் நீதிமன்றத்திலே தனிப்பட்ட பிராது தாக்கல் செய்ய வேண்டியிருந்தது. தலைநகரின் நடுவிலே, உலகமே தொலைக்காட்சியிற் கண்ட சம்பவத்துக்கும் அதே நிலை!

2023 டிசம்பர் 31 ஆம் திகதி வெலிகமையில் ஒரு விடுதிக்கு முன்னால் துப்பாக்கிச் சூடு நிகழ்ந்து, பொலிஸ் உத்தியோகத்தர் ஒருவர் உயிரிழந்தார். அவ்விவகாரத்தில் முன்னாள் பொலிஸ் மா அதிபர் தேசபந்து தென்னகோன் உள்ளிட்டோரைக் கைது செய்யுமாறு மாத்தறை நீதவான் 2025 பெப்ரவரியிற் கட்டளையிட்டார். நாடு முழுவதும் பொலிஸ் நிலையங்கள் இருந்தும், நேற்றுவரை அப்பொலிஸுக்கே தலைவராயிருந்தவர் வாரக்கணக்கில் அகப்படவில்லை. கைதைத் தடுக்குமாறு அவர் செய்த மனுவை மேன்முறையீட்டு நீதிமன்றம் மார்ச் 17 ஆம் திகதி தள்ளுபடி செய்தது. இரண்டு நாட்களின் பின்னர் அவர் தாமாகவே நீதிமன்றிற் சரணடைந்தார். அவர் குற்றவாளியா, சுற்றவாளியா என்பது நீதிமன்றம் கூறவேண்டியது. நாம் கூறுவது வேறு. ஏழையைப் பிடிக்க நீதிமன்றக் கட்டளையே வேண்டாம். வலியவரைப் பிடிக்கவோ கட்டளை இருந்தும் போதவில்லை.

நாம் கேட்கலாகாதது

இவ்விடத்தில் வாசகர் சிலர் எம்மிடம் வினவுவர். அப்படியாயின், நீதிமன்றங்கள் தயங்காது கைதுக் கட்டளை பிறப்பிக்க வேண்டும் என்று கேட்போமே; குற்றஞ் சாட்டப்பட்டவர் எல்லோரையும் உடனே உள்ளே தள்ளச் சொல்வோமே என்பர். மனம் புண்பட்டவர் அவ்வாறு கேட்பதில் வியப்பில்லை. ஆயினும், அந்தக் கோரிக்கையை ஏற்க எம்மால் இயலாது. ஏனெனில், கைது என்பதன் மறுபக்கத்தை எம்மைப்போல் அறிந்த மக்கள் இந்நாட்டில் வேறெவருமில்லை.

1961 ஏப்ரலில் அவசரகால நிலை பிரகடனப்படுத்தப்பட்டு, சத்தியாக்கிரகத்தை நடத்திய தமிழ்த் தலைவர்கள் பனாகொடை இராணுவ முகாமிலே தடுத்து வைக்கப்பட்டனர். எந்த நீதவானின் பிடியாணையின் பேரில்? எந்தக் குற்றப்பத்திரத்தின் பேரில்? 1979 ஆம் ஆண்டில் தற்காலிக ஏற்பாடு என்று கூறிக் கொண்டுவரப்பட்ட பயங்கரவாதத் தடைச் சட்டம் நான்கு தசாப்தங்களையும் கடந்து நின்றது. நீதிமன்றின் முன் குற்றஞ் சாட்டாமலே 18 மாதங்கள் வரை ஒருவரைத் தடுத்து வைக்க அது அமைச்சருக்கு அதிகாரம் கொடுத்தது. 2022 ஆம் ஆண்டுத் திருத்தம் அதனை 12 மாதங்களாகக் குறைத்ததேயன்றி, ஒழிக்கவில்லை. சந்தேகத்தின் பேரிற் கைதாகி, இளமை முழுவதையும் சிறையிற் கழித்து, இறுதியிற் குற்றமற்றவர் என்று வெளியே வந்தோரை எமது ஊர்கள் அறியும். கைது என்பதையே தண்டனையாக்கினால் என்ன நேரும் என்பதற்கு அவர்களே சாட்சி.

இத்தீமை தமிழரோடு நின்றுவிடுவதுமன்று. 1962 ஜனவரிச் சதி முயற்சியின் பின்னர், அவ்வாண்டின் 1 ஆம் இலக்கக் குற்றவியற் சட்ட விசேட ஏற்பாடுகள் சட்டம் நிறைவேற்றப்பட்டது. ஏற்கெனவே நடந்துவிட்ட கைதுகளையும் தடுத்துவைப்புகளையும் பின்னோக்கிச் சட்டபூர்வமாக்க அது முனைந்தது. அவ்வழக்கின் எதிரிகளிற் பெரும்பாலானோர் தமிழரல்லர். 1965 டிசம்பரில் இலண்டன் கோமறைக் கழகம், லியனகே வழக்கில் அவர்களது தண்டனைகளை நீக்கியது. குறித்த சிலரைக் குறிவைத்துச் சட்டமியற்றுவது நீதித்துறையின் அதிகாரத்தைச் சட்டவாக்க சபை பறிப்பதாகும் என்பதே அத்தீர்ப்பின் சாரம். யாருக்கு எதிராக நடந்தாலும் அநீதி அநீதியே என்பதற்கு இதனினும் சிறந்த பாடம் வேண்டுவதில்லை.

அதற்கும் முன்னர், 1951 ஆம் ஆண்டிலேயே, முத்துசாமி எதிர் கன்னங்கரா என்ற வழக்கில் நீதியரசர் கிரேஷன் கைதின் எல்லையை வகுத்தார். பிடியாணையின்றிக் கைது செய்யும் பொலிஸ் உத்தியோகத்தர், ஏன் கைது செய்கிறார் என்பதைக் கைதாகுபவருக்கு அறிவிக்கக் கடமைப்பட்டவர் என்றும், அவரது செயல் நீதிமன்றின் நுண்ணிய பரிசீலனைக்கு உட்பட்டது என்றும் அத்தீர்ப்பு உணர்த்திற்று. அந்த நெறியையே இன்றைய அரசியலமைப்பின் 13 ஆம் உறுப்புரையும் அடிப்படை உரிமையாகக் கொண்டுள்ளது. சட்டத்தால் விதிக்கப்பட்ட முறையிலன்றி எவரும் கைது செய்யப்படலாகாது. குற்றவாளியெனக் காணப்படும் வரை ஒவ்வொருவரும் சுற்றவாளியெனவே கொள்ளப்பட வேண்டும். இவ்வுரிமை எம் பிள்ளைக்கு வேண்டுமென்றால், எம் பிள்ளையைக் கொன்றவர் என்று நாம் ஐயுறுபவருக்கும் அது இருந்தே ஆகவேண்டும். எமக்கொரு சட்டம், பிறர்க்கொரு சட்டம் என்று கேட்கத் தொடங்கிய கணத்திலேயே எமது வழக்கின் அடித்தளம் இடிந்துவிடும்.

நாம் கேட்கவேண்டியது

எனவே, நீதிமன்றத்திடம் நாம் கேட்பது யாது? இவரைப் பிடி என்று கேட்பதா? இவ்விசாரணையை நடத்து என்று கேட்பதா? இரண்டுக்கும் இடையே பெரும் வேறுபாடு உண்டு.

இந்த வேறுபாட்டைப் பிறநாட்டு நீதிமன்றங்களும் உணர்ந்திருக்கின்றன. 1968 ஆம் ஆண்டில் இங்கிலாந்தில் பிளாக்பர்ன் வழக்கில், சட்டத்தை நடைமுறைப்படுத்தும் கடமையைப் பொலிஸ் தலைவர் கைவிடுவாராயின் நீதிமன்றம் தலையிடலாம் என்று டெனிங் பிரபு கூறினார். ஆனால் எவரை எப்போது கைது செய்வது என்பது பொலிஸாரின் பொறுப்பு என்றும் அவர் எல்லை வகுத்தார். இந்திய உயர் நீதிமன்றமும் எம். சி. ஆபிரகாம் வழக்கில், குறித்த நபர்களைக் கைது செய்தே தீரவேண்டும் என்று மாநில மேல் நீதிமன்றொன்று பிறப்பித்த கட்டளையை நீக்கிற்று. அதே நீதிமன்றந்தான் 2013 ஆம் ஆண்டில் லலிதா குமாரி வழக்கில், பாரிய குற்றம்பற்றித் தகவல் கிடைத்தால் அதனைப் பொலிஸார் பதிவு செய்தே ஆகவேண்டும் என்று தீர்ப்பளித்தது. கைது புலனாய்வாளரின் மதிப்பீட்டுக்கு உரியது. முறைப்பாட்டைப் பதிவதும் விசாரிப்பதும் கட்டாயக் கடமை. இரண்டையும் சேர்த்துப் பார்த்தாற் புலப்படும் நெறி இதுவே.

நெல்லை விதைக்காது அறுவடையை மட்டும் கேட்பவனை எமது கமக்காரர் எவ்வாறு நோக்குவர்? விசாரணை விதைப்பு, கைது அதன் இடையில் வருவது, தீர்ப்பே விளைச்சல். திருகோணமலை வழக்கிலே கைது கிடைத்தது, விளைச்சல் கிடைக்கவில்லை. காரணம், விதைக்க வேண்டிய காலத்தில் விதைக்கப்படவில்லை. மிருசுவிலில் 2000 டிசம்பரிற் குழந்தைகள் உட்பட எண்மர் படுகொலை செய்யப்பட்ட வழக்கைப் பாருங்கள். அங்கே காயத்துடன் தப்பி வந்த ஒருவர் உடனே வாய் திறந்தார். அவரது வாக்குமூலத்தின் வழியே புதைகுழி வெளிப்பட்டது. சான்று காலத்திலே சேர்க்கப்பட்டமையாற்றான், ஏறத்தாழ 15 ஆண்டுகள் சென்ற பின்னரும், 2015 ஆம் ஆண்டில் இராணுவத்தினன் ஒருவனுக்கு எதிராக மேல் நீதிமன்றம் தீர்ப்பளிக்க முடிந்தது. 2020 மார்ச்சில் ஜனாதிபதியின் மன்னிப்பு அவனை விடுதலை செய்தது என்பது வேறு கதை. அது ஆட்சியாளரின் பழி. சான்றின் பழியன்று.

செம்மணியில் 2025 ஆம் ஆண்டின் அகழ்வில் 200 க்கும் மேற்பட்ட மனித எலும்புக்கூடுகள் வெளிவந்தன. எவரைக் கைது செய்வது என்ற குரல் அங்கே எழுந்தே தீரும், எழவும் வேண்டும். ஆனால் அதற்கு முன்னர் ஒவ்வொரு எலும்பும் முறைப்படி பதியப்பட்டு, பாதுகாக்கப்பட்டு, ஆளடையாளம் காணப்பட வேண்டும். அக்காலத்தில் அப்பகுதியில் எப்படைப்பிரிவு நின்றது, எவர் கட்டளையிட்டார் என்ற ஆவணங்கள் நீதிமன்றக் கட்டளையின் மூலம் கைப்பற்றப்பட வேண்டும். இவையின்றிச் செய்யப்படும் கைது, திருகோணமலையில் நடந்த கைதைப்போன்றே முடியும். அவ்வாறு முடிவதை விரும்புவோரும் இந்நாட்டில் இருக்கின்றனர் என்பதை நாம் மறக்கலாகாது.

கமக்காரரும் கற்றோரும் செய்யவேண்டியவை

வயலிலும் தோட்டத்திலும் பாடுபடும் எமது மக்களுக்கு முதலில் ஒன்று சொல்வோம். முறைப்பாடு செய்யச் சென்றால், வாய்மொழியாகக் கூறிவிட்டுத் திரும்பாதீர்கள். அது பொலிஸ் புத்தகத்திற் பதியப்பட்டதா என்று பாருங்கள். வாசித்துக் காட்டப்பட்ட பின்னரே கையொப்பமிடுங்கள். உங்களுக்கு விளங்காத மொழியில் எழுதப்பட்டதற்குக் கையொப்பமிடாதீர்கள். முறைப்பாட்டின் இலக்கத்தையும் திகதியையும் குறித்துக்கொள்ளுங்கள். பொலிஸ் அசையாவிடில், சட்டக்கோவையின் 136(1)(அ) பிரிவின் கீழ் நீதவானிடம் நேரே பிராது செய்ய ஒவ்வொரு குடிமகனுக்கும் உரிமையுண்டு. எழுத்திற் செய்யப்படும் பிராது சட்டத்தரணி ஒருவரால் வரையப்பட்டு அவரது கையொப்பத்தையும் கொண்டிருத்தல் வேண்டும். முகாந்திரம் உண்டென நீதவான் காணின், அழைப்பாணையோ பிடியாணையோ அவரே பிறப்பிப்பார். 124 ஆம் பிரிவின் கீழ், விசாரணைக்குத் துணையான கட்டளைகளை வழங்கும் கடமையும் நீதவானுக்கு உண்டு. அடிப்படை உரிமை மீறப்பட்டிருப்பின் ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தை அடைய வேண்டும் என்பதையும் மறவாதீர்கள். அழுதுகொண்டிருக்கும்போதே அந்த ஒரு மாதம் ஓடிவிடுகின்றது.

சட்டத்தரணிகளுக்கும் வைத்தியர்களுக்கும் ஆசிரியர்களுக்கும் நாம் கூறுவது வேறு. மேற்கண்ட உரிமைகள் அனைத்தும் ஏழைக்கு ஏட்டுச் சுரைக்காயே, நீங்கள் துணை நில்லாவிடின். ஒரு தனிப்பட்ட பிராதை வரைந்து கையொப்பமிடச் சட்டத்தரணி வேண்டும். காயத்தின் தன்மையை அஞ்சாது எழுதச் சட்ட வைத்திய அதிகாரி வேண்டும். சாட்சியை வீட்டில் வைத்துப் பாதுகாக்கவும் வாக்குமூலத்தை ஒழுங்காகக் குறித்து வைக்கவும் ஊரிற் படித்தவர் வேண்டும். மேடையிலே நீதிகேட்டு முழங்குவது எளிது. ஒரு தவணைக்குக் கட்டணமின்றித் தோன்றுவது கடினம். எமது மக்களுக்கு இன்று தேவைப்படுவது பின்னையதே.

அரசுக்கு நாம் கூறுவதும் ஒன்றுண்டு. குற்றவாளி மீது வழக்குத் தொடுப்பவரும் சட்டமா அதிபர். ஆட்கொணர்வு மனுவில் இராணுவத்துக்காகத் தோன்றுவோரும் அவரது திணைக்களத்தினரே. காணாமற் போனவனை எங்கே என்று கேட்கும் தாயின் எதிர்த்தரப்பில் நிற்பவரே, அவனைக் கொண்டுசென்றவர்மீது வழக்குத் தொடுக்கவேண்டியவராகவும் இருந்தால், அத்தாய் யாரை நம்புவது? 1998 ஆம் ஆண்டில் விக்டர் ஐவன் வழக்கிலே, சட்டமா அதிபரின் தற்றுணிபும் நீதிமன்றப் பரிசீலனைக்கு அப்பாற்பட்டதன்று என்று உயர் நீதிமன்றம் கூறியுள்ளது. அது நல்ல நெறி. ஆயினும் ஒவ்வொரு வழக்கிலும் பாதிக்கப்பட்டவரே மனுச் செய்துகொண்டிருக்க முடியாது. 1973 ஆம் ஆண்டின் 44 ஆம் இலக்க நீதி நிருவாகச் சட்டத்தின் கீழ் பொது வழக்குத்தொடுநர் என்றொரு பதவி இந்நாட்டில் இருந்தது. சில ஆண்டுகளிலேயே அது மறைந்தது. அரசின் வழக்கறிஞராக இல்லாத, அமைச்சருக்குக் கட்டுப்படாத, சுதந்திரமான வழக்குத்தொடுநர் ஒருவரைச் சட்டத்தின் மூலம் அமைத்தாலன்றி இந்நோய் தீராது.

எந்தத் தாயும் கைது மனுவுடன் நீதிமன்ற வாசலில் நிற்க வேண்டாத நாளையே நாம் வேண்டுகின்றோம். அதேவேளையில், எந்த மகனும் காரணமின்றிக் கைதாகாத நாளையும் வேண்டுகின்றோம். முதலாவதைப் பெறுவதற்காக இரண்டாவதை விட்டுக்கொடுப்போமாயின் இரண்டையும் இழப்போம். மணல் ஏற்றியவன் வாசலுக்குச் செல்லும் அதே பொலிஸ் வாகனம், அதே விரைவில், அதே சட்டத்தின்படி, தளபதியின் வாசலுக்கும் செல்லட்டும். மணல் ஏற்றியவனுக்கும் தளபதிக்கும் அதே நீதவான் அதே உரிமைகளை வழங்கட்டும். இதற்கு மேல் நாம் எதையும் கேட்கவில்லை. இதற்குக் குறைந்த எதையும் ஏற்கவும் மாட்டோம்.